புடிச்சிப்போச்சா, போச்சு

அவன் பெயரை நான் எழுதப்போவதில்லை. மறந்துவிட்டது என்றெல்லாம் இல்லை. எழுதினால் நாலு பேருக்குத் தெரியும். நாலு பேருக்குத் தெரிந்தால் அவன் கணக்கில் மானம் போய்விடும். "நம்ம அண்டர்கிரவுண்டு மச்சி" என்று மூச்சுக்கு மூச்சு சொல்லிக்கொண்டிருந்தவனை நான் போய் அச்சில் ஏற்றி வெளிச்சத்துக்கு இழுத்துவிடக் கூடாது அல்லவா.

நாங்கள் இரண்டு பேரும் சேர்ந்து ஒரு ராப் குழு. கேட்கிறவர்களுக்குச் சிரிப்பு வரும், வரட்டும். அவன் பாடுவான், நான் தாளம் போடுவேன். கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் கார் பாகங்கள் செய்யும் ஒரு கம்பெனியில் இருவரும் ஒப்பந்தத் தொழிலாளர்கள், தகடு அடிக்கும் பிரஸ் ஷாப்பில் அடுத்தடுத்த மெஷின். போனில் கேமரா இருந்தால் பெரிய ஆள் என்று நினைத்த காலம் அது. அவன் ஊத்துக்கோட்டைப் பக்கம் ஒரு கிராமத்திலிருந்து பஸ் மாறி வருவான். நான் மீஞ்சூரில் ரயில் ஏறி வருவேன். ஸ்டேஷன் வாசலில் கம்பெனி பஸ் எங்களை அள்ளிக்கொண்டு போகும். அந்தப் பஸ்ஸில்தான் பழக்கம்.

ஆளைப் பார்த்தால் மறக்க முடியாது. தலையை மூடும் தொப்பி வைத்த கறுப்பு ஸ்வெட்டர் ஒன்று வைத்திருந்தான், ஊத்துக்கோட்டைச் சந்தையில் வாங்கியது. சித்திரை வெயிலில், பஸ்ஸின் தகரம் கையைச் சுடும் நேரத்தில், அதைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பான். வேர்வை தாடையில் சொட்டும். "கழட்டேன்டா" என்றால், "ராப் பாடறவன் கழட்ட மாட்டான்" என்பான். இயர்போனில் ஒரு பக்கம்தான் வேலை செய்யும். வேலை செய்யாத பக்கத்தை எனக்குத் தருவான். நானும் மரியாதைக்குக் காதில் வைத்துக்கொண்டு தலையாட்டுவேன்.

அண்டர்கிரவுண்டு என்றால் பெரிய கம்பெனிகளின் தயவில்லாமல் தன் பாட்டைத் தானே செய்துகொள்வது என்று எங்கோ படித்திருந்தான். படித்தது அவ்வளவுதான், மீதியை அவனே கட்டிக்கொண்டான். பாட்டை யாரும் கேட்கக் கூடாது. கேட்டாலும் பிடிக்கக் கூடாது. ஒருத்தருக்குப் பிடித்துவிட்டால் அந்தப் பாட்டுக்கு அன்றோடு காரியம். "புடிச்சிப்போச்சா, போச்சு" என்பான். எங்கள் குழுவின் இசை வளர்ச்சி முழுக்க இந்த ஒரு வாக்கியத்தால் நடந்தது. மற்றவர்கள் தோற்றுத் தோற்று அடுத்த கட்டத்துக்குப் போவார்கள். நாங்கள் ஜெயித்துவிடுவோமோ என்ற கலவரத்தில் அடுத்த கட்டத்துக்கு ஓடினோம்.

முதல் கட்டம் ஆங்கிலம். குழுவின் பெயர் 'டேஞ்சர்'. எங்கள் இருவருக்கும் தெரிந்த ஆங்கிலம் மெஷின்மேல் ஒட்டியிருந்ததுதான். அதையே மூக்கால் பாடினான். ஹை வோல்டேஜ், டோன்ட் டச், ஆயில் லெவல், எமர்ஜென்சி ஸ்டாப். நான் சோற்று டப்பா மூடியில் தாளம் போட்டேன். அமெரிக்காக்காரன் கேட்டிருந்தால் மெக்கானிக்கை அனுப்பியிருப்பான். ஆனால் கம்பெனி பஸ் டிரைவர் அண்ணனுக்கு அது எப்படியோ ஒட்டிக்கொண்டது.

"டேய் தம்பி, அந்த எமர்ஜென்சி ஸ்டாப்ப இன்னொரு தபா பாடு. பிரேக் போடசொல்ல நல்லாக்கீது" என்றார் ஒருநாள்.

அவன் முகம் சாவுச் செய்தி கேட்டதுபோல ஆகிவிட்டது. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். கம்பெனி வாசலில் இறங்கும்போது என்னிடம், "புடிச்சிப்போச்சா, போச்சு" என்றான். 'டேஞ்சர்' அன்றே கலைக்கப்பட்டது. டிரைவர் அண்ணன் மட்டும் வெகுநாள் பிரேக் போடும்போதெல்லாம் தனியாகப் பாடிக்கொண்டிருந்தார்.

இரண்டாவது கட்டம் செந்தமிழ். பெயர் 'கொதிகலன்'. தொண்டையைக் கனமாக்கிக்கொண்டு அனல், அரிமா, ஆர்ப்பரி என்று பொழிந்தான். டீக்கடையில் "அண்ணே, ஒரு டீ, ஒரு பன்னு" என்பவன், பாட்டில் வந்துவிட்டால் மன்னர் பரம்பரை. இதில் ஒன்றை ஒருநாள் வீட்டில் பாடிப் பார்த்திருக்கிறான். அவன் அம்மா கூலிக்கு வேர்க்கடலை பறிக்கப் போகிறவர். அடுத்த வாரம் நான் அவன் வீட்டுக்குப் போயிருந்தபோது, அந்த அம்மா கடலையை உதறிக்கொண்டே அதே வரியை முனகிக்கொண்டிருந்தார்.

"நல்லாக்கீதுடா உன் பாட்டு. அரிமான்னா இன்னா?" என்று கேட்டார்.

"அது ஒரு மாதிரி புலிம்மா" என்றான் அவன், எரிச்சலாக. அவனுக்கே தெரியாது என்பது எனக்கு அப்போதுதான் தெரிந்தது. என்னைப் பஸ் ஏற்றிவிட வந்த வழியில் 'கொதிகலன்' அணைக்கப்பட்டது. பெற்ற தாய்க்குப் பிடித்ததற்காகப் பாட்டைக் கொன்றவனை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

மூன்றாவது கட்டம் 'செக்போஸ்ட்'. ஆந்திர எல்லை பக்கத்தில் இருக்கிறதல்லவா, அதனால் தமிழும் தெலுங்கும் கலந்து, நைனா, டப்பு என்று வீசினான். எல்லையோர ஊர்களிலிருந்து வரும் பையன்கள் ஆள் மாற்றி ஆள் தங்கள் போனில் ஏற்றித் தரச் சொன்னார்கள். ஒரே வாரம். செக்போஸ்ட்டும் இழுத்து மூடப்பட்டது.

இதையெல்லாம் நாங்கள் பதிவு செய்தது கும்மிடிப்பூண்டி ஸ்டேஷன் பக்கத்தில் ஒரு ரீசார்ஜ் கடையில். கடைக்காரர் பழவேற்காட்டு பாய். மெமரி கார்டில் பாட்டு ஏற்றித் தர ஒரு கம்ப்யூட்டர் வைத்திருந்தார். மதியம் கூட்டம் இல்லாத நேரத்தில் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு, இண்டர்நெட்டில் பேசுகிற ஹெட்செட் மைக்கை எங்களிடம் கொடுப்பார். எங்கள் எல்லாப் பாட்டிலும் நடுவில் ஒரு ரயில் போகும். "அதான் நம்ம பேஸு" என்று, கனத்த அடித்தாளம் கிடைத்ததுபோல, அதற்கும் ஒரு பெருமை வைத்திருந்தான் அவன்.

பாய்க்குத்தான் இவன் சங்கதி விளங்கவே இல்லை. ஒருநாள் கேட்டுவிட்டார்.

"ஏன் தம்பி, கேக்க ஆளே வேணாம்னா ஊட்டு பாத்ரூம்ல பாடிக்கலாமே. எதுக்கு இம்மாந்தூரம் வந்து என் கரண்ட்ட செலவு பண்ற?"

"உங்களுக்குப் புரியாது பாய். இது அண்டர்கிரவுண்டு."

அவன் டீ சொல்ல வெளியே போனதும் பாய் என்னிடம் குரலைத் தாழ்த்திச் சொன்னார். "உன் தோஸ்துக்கு பயம்பா. யாரும் கேக்கலன்னா யாரும் நல்லால்லன்னு சொல்ல முடியாதுல்ல. அவ்ளோதான் விஷயம்."

எனக்கு அது சுருக்கென்று பட்டது, ஏனென்றால் உண்மை. அவன் அதுவரை பாடியதில் உருப்படியாக ஒன்றுமில்லை என்பதும் உண்மை. இரண்டையும் அவனிடம் சொல்லாமல் நான் டப்பா மூடியைத் தட்டிக்கொண்டிருந்தேன். தட்டுவது எனக்குப் பிடித்திருந்தது.

பிறகு என் விரல்கள் போயின.

எங்கள் பிரஸ் மெஷினுக்கு இரண்டு பச்சை பட்டன்கள். இரண்டையும் இரண்டு கையால் ஒரே நேரத்தில் அமுக்கினால்தான் மேலே இருக்கும் அச்சு இறங்கித் தகட்டை அடிக்கும். கை இரண்டும் பட்டனில் இருந்தால் அச்சுக்குள் மாட்டாது. அதற்காகத்தான் இரண்டு. ஆனால் இரண்டு கையும் பட்டனில் இருந்தால் தகட்டை வைப்பதும் எடுப்பதும் தாமதமாகும், சூப்பர்வைசர் கேட்கிற எண்ணிக்கை வராது. அதனால் சரக்கு அடுக்கும் மரப்பலகையிலிருந்து ஒரு குச்சியை உடைத்து ஒரு பட்டனில் சொருகிவிடுவார்கள். அது அமுங்கியே கிடக்கும். ஒரு கையால் பட்டன், இன்னொரு கையால் தகடு. பழைய மெஷின், ஏமாந்துவிடும். பிரஸ் ஷாப் முழுக்க அப்படித்தான் ஓடியது. காலையில் வேலை தொடங்கும்முன் சூப்பர்வைசர் எங்களை வரிசையில் நிற்கவைத்துப் பாதுகாப்பு உறுதிமொழி சொல்லவைப்பார். சொல்லி முடித்ததும் அவரே வந்து குச்சியைச் சொருகிவிட்டுப் போவார்.

வலது கையில் ஆள்காட்டி விரலும் நடுவிரலும். வலியைப் பற்றி எழுதப்போவதில்லை. ஆஸ்பத்திரியிலிருந்து திரும்பி வந்தபோது குச்சிகள் ஒன்றையும் காணோம். விசாரித்தவர்களிடம், "தொழிலாளியின் கவனக்குறைவு" என்று சூப்பர்வைசர் சொல்லி முடித்திருந்தார். என்னை இரக்கப்பட்டு பேக்கிங்கில் உட்காரவைத்தார்கள். விரல் போனதைவிட, என் கவனக்குறைவால் போனது என்று கம்பெனி முழுக்கச் சொல்லிக்கொண்டதுதான் என்னை அறுத்தது. ஒரு வாரத்தில் குச்சிகள் பழையபடி பட்டனுக்குத் திரும்பிவிட்டன.

அவன் என்னைப் பார்க்க மீஞ்சூருக்கு வந்தான். ஸ்வெட்டரோடுதான். அலமாரியிலிருந்த டப்பா மூடியை எடுத்து என் மடியில் வைத்தான்.

"தட்டு மச்சி."

தட்டினேன். இரண்டு விரல் விழ வேண்டிய இடத்தில் ஒன்றும் விழவில்லை. தாளம் நொண்டியது. எனக்கு அழுகை வந்துவிட்டது. இடது கையைக் கொண்டுவந்து அந்த இடத்தை நிரப்பப் பார்த்தேன்.

அவன் என் இடது கையைப் பிடித்துக்கொண்டான். "நிரப்பாத. அந்த எடத்த காலியா வுடு."

அந்தக் காலி இடத்தை வைத்துத்தான் எங்கள் கடைசிப் பாட்டு உண்டானது. அதற்குக் குழுவின் பெயரும் இல்லை, மூக்கால் பாடுவதும் இல்லை, அரிமாவும் இல்லை. எங்கள் பேச்சில், பாதி பேச்சாகவே பாடினான். பிரஸ் ஷாப்பின் சத்தத்தைப் போனில் பிடித்துவந்து அடியில் ஓடவிட்டான். நடுவில் திரும்பத் திரும்ப வருவது இதுதான்.

*ரெண்டு கைக்கு ரெண்டு பட்டன்,*
*ஒண்ணுமேல கை, ஒண்ணுமேல குச்சி.*
*கை போனவன் பேரு கவனக்கொறவு,*
*குச்சிய வெச்சது யாரு?*

கடைசி வரிக்கு முன்னால் அந்தக் காலி இடம். பாய் அதைக் கேட்டுவிட்டு ஹெட்செட்டைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். ரயில் சத்தத்தை வெட்டிவிடட்டுமா என்று அவராகவே கேட்டார். அதற்குமுன் அவர் எங்கள் பாட்டுக்கு ஒரு சுண்டு விரலையும் அசைத்ததில்லை.

புளூடூத்தில் போனது பாட்டு. பேக்கிங்கிலிருந்து வெல்டிங்குக்கு, எங்கள் பஸ்ஸிலிருந்து அடுத்த கம்பெனி பஸ்ஸுக்கு. பஸ்ஸில் அந்தக் காலி இடம் வரும்போது எல்லோரும் சேஃப்டி ஷூவால் ஒரு மிதி மிதிப்பார்கள், பஸ்ஸே அதிரும். டிரைவர் அண்ணன் பிரேக் போடும்போது பாடும் பழைய பாட்டை விட்டுவிட்டார். அவர் கேட்டதெல்லாம், "யாருடா வெச்சது, அந்தாளுதானே?" என்பதுதான்.

நான் அவன் முகத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். எந்த நிமிஷமும் அந்த வாக்கியத்தைச் சொல்லிவிடுவான் என்று பயம். முதல்முறையாகக் கம்பெனி முழுக்க என் பக்கத்துக் கதையைப் பேசுகிறது. அவன் சொல்லவில்லை. தொப்பியைக் கண்வரைக்கும் இழுத்துவிட்டுக்கொண்டு பஸ்ஸில் குறுகி உட்கார்ந்திருந்தான். திருந்திவிட்டான் என்று நினைத்தேன்.

அப்போது பாதுகாப்பு வாரம் வந்தது. வருடத்துக்கு ஒருமுறை எல்லாக் கம்பெனிகளிலும் கொண்டாடுவார்கள். பேனர், கோலம், வாசகப் போட்டி, ஒரு சமோசா, ஒரு பாதாம் பால். பணியாளர் மேலாளர் எங்கள் இருவரையும் அறைக்குக் கூப்பிட்டார்.

"பாட்டு கேட்டேன்பா. ரொம்ப கேட்சியா இருக்கு. நல்ல சேஃப்டி மெசேஜ். எம்.டி. வர்றார், மேடையில பாடிடுங்க. ஒரே ஒரு லைன் மட்டும் மாத்திக்கலாம். 'குச்சிய வெச்சது யாரு'ன்னு கேட்டா நெகட்டிவா இருக்கு பாரு. 'குச்சிய நீயா வெக்காத'ன்னு பாடினா பாசிட்டிவ்." பிறகு கையைக் கோத்துக்கொண்டு, "ரெண்டு பேரையும் பர்மனென்ட் பண்றதுக்கு நான் ரெகமண்ட் பண்றேன்" என்றார்.

பர்மனென்ட் என்ற சொல்லின் எடை எங்கள் பக்கத்து ஆட்களுக்குத்தான் தெரியும். பெண் கொடுப்பதே அந்தச் சொல்லுக்குத்தான். அவன் என் பக்கம் திரும்பவே இல்லை. "சரி சார்" என்றான்.

வெளியே வந்ததும் அவன் ஸ்வெட்டரைப் பிடித்து நிறுத்தினேன்.

"இன்னாடா சரி? அந்த லைன மாத்தினா நானே குச்சி வெச்சி நானே வெட்டிக்கினேன்னு ஆவும்டா."

"ஒரு லைன்தானே மச்சி. எங்கம்மா இன்னும் எம்மாநாளைக்கு கடலை பறிச்சிக்கினு இருக்கும்?"

"வெரலு என்னுதுடா."

"பாட்டு என்னுது" என்றான் அவன்.

இதுதான் அவனிடம் எனக்குத் தாங்கவே முடியாதது. டிரைவருக்குப் பிடித்தால் பாட்டு செத்துவிடும். அம்மாவுக்குப் பிடித்தால் செத்துவிடும். மேலாளருக்குப் பிடித்தால் மட்டும் பேன்ட் சட்டை போட்டுக்கொண்டு மேடை ஏறுமாம். இத்தனை வருடம் மண்ணுக்கு அடியில் ஒளிந்திருந்ததெல்லாம் குளிரூட்டிய அறையிலிருந்து ஒரு குரல் கூப்பிடத்தானா என்று பல்லைக் கடித்துக்கொண்டேன். ஆனாலும் மேடைக்குப் போனேன். மாற்றித்தான் பாடப்போகிறான் என்றால் என் கையைப் பார்த்துக்கொண்டே பாடட்டும் என்று போனேன்.

கேன்டீன் ஹாலில் மேடை. முன்வரிசையில் எம்.டி., வடநாட்டுக்காரர், தமிழ் ஒரு சொல்லும் தெரியாது. பக்கத்தில் மேலாளர், அவர் பக்கத்தில் அந்த சூப்பர்வைசர், சட்டையில் பாதுகாப்பு வாரத்தின் பச்சைச் சிலுவை பேட்ஜ். பின்னால் மூன்று ஷிஃப்ட் ஆட்களும் தரையில். அவன் அன்றைக்கு ஸ்வெட்டர் போடவில்லை. இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டையில் யாரோபோல இருந்தான். நான் டப்பா மூடியை மடியில் வைத்துக் கையைத் தூக்கி எல்லோருக்கும் தெரிகிறமாதிரி தட்டத் தொடங்கினேன்.

பாடினான். மூன்றாவது வரி வந்தது. காலி இடம் வந்தது. ஹால் முழுக்க ஒரே ஷூ மிதி.

அவன் மைக்கில், "குச்சிய நீயா வெக்காத" என்றான். பேசியபடி, சுத்தமாக, மேலாளர் சொன்ன அதே சொற்கள். ஆனால் அந்த வரியை அவனையும் என்னையும் மேலாளரையும் தவிர யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். ஏனென்றால் தரையிலிருந்து அத்தனை பேரும் சேர்ந்து, "குச்சிய வெச்சது யாரு" என்று பாடினார்கள். அவர்கள் யாரும் எதிர்ப்புக் காட்டவில்லை. அவர்களுக்குத் தெரிந்த பாட்டே அதுதான், அதைப் பாடினார்கள்.

அவன் திகைத்து நின்றான். இரண்டாவது முறை அந்த இடம் வந்தபோது வாயைத் திறந்தான், சத்தம் வரவில்லை. கூட்டம் பாடியது. சூப்பர்வைசர் தன் பேட்ஜைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

கூட்டத்தின் பக்கம் மைக்கை நீட்டும் பாடகர்களை அவனுக்குப் பிடிக்கவே பிடிக்காது. சோம்பேறிங்க, பாட்டு மறந்துபோனவனுங்க என்று திட்டுவான். மூன்றாவது முறை, அவன் என் கையைப் பார்த்தான். பிறகு மேடை ஓரத்துக்குப் போய்க் குனிந்து மைக்கைக் கூட்டத்துக்கு நீட்டினான். கேன்டீன் தகரக்கூரை அதிர்ந்தது. எம்.டி. என்னவென்று கேட்க, மேலாளர் சிரித்த முகத்தோடு காதில் ஏதோ சொன்னார். எம்.டி.யும் உற்சாகமாகித் தன் ஷூவைத் தட்டத் தொடங்கினார். யாரும் யாரிடமும் எழுதிக் கொடுக்காமலேயே என் கவனக்குறைவு அன்றைக்கு ரத்தானது.

அடுத்த மாதம் அவனுடைய கேட் பாஸைக் கம்பெனி புதுப்பிக்கவில்லை. ஒப்பந்தம் முடிந்தது என்றார்கள். என்னை அந்த நேரத்தில் அனுப்பினால் பேச்சு வரும் என்று விட்டுவைத்தார்கள். குச்சிகள் கொஞ்ச நாள் காணாமல் போயிருந்து, மெதுவாக ஒவ்வொன்றாக வரத் தொடங்கின. ஆனால் சூப்பர்வைசர் ஒரு பட்டன் பக்கம் குனிந்தால், எந்த மூலையிலிருந்தோ ஒருத்தன் அந்த வரியை முனகுவான். அவர் நிமிர்ந்து, வேறு வேலை இருப்பதுபோலப் போய்விடுவார். கொஞ்ச காலத்தில் குச்சி சொருகுவதே நின்றது.

அவன் கடைசியாகப் பஸ் ஏறிய மதியம் நான் ஸ்டேஷன் பக்கம் போயிருந்தேன். வெயில் மண்டையைப் பிளந்தது, ஸ்வெட்டர் திரும்பி வந்திருந்தது. தேர்வாய் கண்டிகையில் புதிதாகக் கம்பெனிகள் வரப்போவதாகவும், அங்கே ஏதாவது பார்க்கலாம் என்றும் சொன்னான்.

"பாட்டு இன்னாடா ஆவும்?" என்று கேட்டேன்.

"எல்லாத்துக்கும் புடிச்சிப்போச்சி. போச்சு." பிறகு, "அன்னிக்கு நான் சொன்னது தப்பு. பாட்டு என்னுது இல்ல" என்றான். "அடுத்தது ஒண்ணு மைண்டுல ஓடிக்கினு கீது மச்சி. சத்தியமா எவனுக்கும் புடிக்காது."

எனக்கு அவனை அறையவும் தோன்றியது, கட்டிக்கொள்ளவும் தோன்றியது. அதற்குள் ஊத்துக்கோட்டை பஸ் வந்துவிட்டது. கூட்டம். படியில்தான் இடம் கிடைத்தது. உள்ளே எவனோ போனை சத்தமாக வைத்திருந்தான், எங்கள் பாட்டு ஓடிக்கொண்டிருந்தது. இவன் தொப்பியைக் கண்வரை இழுத்துவிட்டு, யாரோ எவரோ பாடுவதுபோல வேறு பக்கம் பார்த்தான். பஸ் நகர்ந்தது. காலி இடம் வந்தபோது, கம்பெனிக்குத் திருப்பிக் கொடுக்காத சேஃப்டி ஷூவால் அவன் படியில் ஓங்கி ஒரு மிதி மிதித்ததை நான் பார்த்தேன்.